ஆவூரும் அரிசோனாவும்: ஒரே சபை, இரண்டு கோவில்கள்

புதுக்கோட்டை மாவட்டத்து ஆவூர் பற்றி இணையத்தில் தேடினால் ஒரு வரி திரும்பத் திரும்ப வரும்: பழைய சிற்றாலயத்தை புஷே என்ற பிரெஞ்சு சாமியார் 1547இல் கட்டினார், பெரிய கோவில் 1747இல் எழுந்தது. சுற்றுலாப் பக்கங்களில் ஒன்றைப் பார்த்து ஒன்று காப்பி அடித்தே இந்த வரி பரவியிருக்கிறது.

இதில் 1547 சாத்தியமே இல்லை. வெனான்சியுஸ் புஷே பிறந்ததே 1655இல். மதுரையில் ராபர்ட் டி நொபிலி வந்து சேர்ந்தது 1606இல். புஷே முதலில் சயாமுக்கு, அதாவது இன்றைய தாய்லாந்துக்குப் போனவர். அங்கே 1688இல் அரசியல் கலவரம் வந்த பிறகுதான் இந்தியா வந்தார். 1700இல் சக சாமியார் ஒருவர் எழுதிய கடிதத்தில் புஷேயும் ஆவூரும் வருகிறார்கள். ஆகவே 17ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டுதான் சரி. வழக்கமாகக் குறிப்பிடப்படும் ஆண்டு 1697. யாரோ தட்டச்சு செய்யும்போது 150 வருஷம் பின்னால் போய்விட்டது, அவ்வளவுதான்.

ஆனால் இந்த 150 வருஷம் சின்ன விஷயமில்லை. 1547 என்றால் போர்த்துக்கீசியர் கடற்கரையில் வலுவாக இருந்த காலம். 1697 என்றால் ராணி மங்கம்மாள் திருச்சியிலிருந்து ஆண்ட காலம், பாளையக்காரர்கள் காலம். கோவில் யாருடைய நிழலில் எழுந்தது என்ற கேள்விக்கான பதிலே மாறிவிடுகிறது. அந்த நிழல் கட்டடத்தை எப்படி மாற்றும்னு பார்க்க, ஆவூருக்கு ஒரு ஜோடி தேவை. அதே சபை, அதே வருஷங்கள், ஆனால் வேறு ராஜா. அப்படி ஒன்று இருக்கிறது, அமெரிக்காவின் அரிசோனா பாலைவனத்தில்.

டூசான் நகருக்குத் தெற்கே சுமார் 15 கிலோமீட்டரில் இருக்கும் அந்தக் கோவிலின் பெயர் சான் சேவியர் டெல் பாக். 'சான் சேவியர்' வேறு யாருமில்லை, நம்ம சவேரியார். 1540களில் முத்துக்குளித்துறைக் கடற்கரையில் நடந்து திரிந்த அதே பிரான்சிஸ் சவேரியார். 'பாக்' என்பது அங்குள்ள ஓதாம் பழங்குடி மக்களின் சொல்லிலிருந்து வந்தது. தண்ணீர் வெளிப்படும் இடம் என்று பொருள்.

எயுசேபியோ கினோ என்ற சேசு சபை சாமியார் அந்த ஊருக்கு முதலில் போனது 1692இல். ஒரு கோவிலுக்கு அஸ்திவாரம் போட்டது 1700 ஏப்ரலில். அதே வருஷம் புஷே ஆவூரில் இருக்கிறார். இருவரும் வரைபடம் போடுபவர்கள். கலிபோர்னியா தீவு அல்ல, நிலவழியாகவே போகலாம் என்று காட்டிய கினோவின் வரைபடம் பாரிசில் வெளிவந்த சேசு சபைக் கடிதத் தொகுப்பில் 1705இல் அச்சானது. புஷேயின் தென்னிந்திய வரைபடம் அதே தொகுப்பு வரிசையில் 1722இல் வந்தது. பாரிசில் ஒரே அலமாரியில் ஆவூரும் அரிசோனாவும் இருந்திருக்கின்றன!

சரி, வித்தியாசம் எங்கே? இரண்டு மரணங்களை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கலாம்.

1693 பிப்ரவரியில் ஓரியூரில் கிழவன் சேதுபதியின் ஆணையால் அருளானந்தர் கொல்லப்பட்டார். பழி வாங்க எந்தப் படையும் வரவில்லை, வரவும் முடியாது. போர்த்துக்கீசிய ராஜா மிஷனுக்குப் புரவலர் என்பது காகிதத்தில் மட்டும்தான். உள்நாட்டில் அவர் பேச்சு செல்லாது.

1695இல் கினோவின் பகுதியில் சயேத்தா என்ற இளம் சாமியார் கொல்லப்பட்டார. ஸ்பானியப் படை வந்தது. குற்றவாளிகளைக் காட்டிக்கொடுக்கச் சமாதானமாக வந்து கூடியிருந்த மக்கள் மேலேயே பாய்ந்து ஐம்பது பேர் அளவுக்குக் கொன்றது. குற்றமில்லாதவர்கள் பலர் அதில் செத்தார்கள். கோபம் மேலும் கலவரமாக வெடித்தது.

ஸ்பெயினில் மிஷன் என்பது அரசாங்கத்தின் ஒரு கை. 1508இலிருந்தே அமெரிக்கத் திருச்சபைக்கு ராஜாதான் புரவலர். சாமியாருக்குப் படி, காவலுக்குக் கோட்டை, சுற்றி மக்களைக் குடியேற்றிப் பயிர் செய்ய வைக்கும் ஊர், எல்லாம் ஒரே திட்டம். டூசானில் கோட்டை 1775இல் வந்தது. ராஜா கொடுத்ததை ராஜாவே எடுக்கவும் முடியும். 1767இல் ஸ்பெயின் சேசு சபையாரை ஒட்டுமொத்தமாக வெளியேற்றியது. பாக் பிரான்சிஸ்கன் சபை கைக்குப் போனது.

இன்று நிற்கும் கோவிலை அவர்கள்தான் 1783 முதல் 1797 வரை கட்டினார்கள். ஒரு பண்ணையாரிடம் 7,000 பெசோ கடன் வாங்கித்தான் வேலை தொடங்கியது. சிலுவை வடிவத் தரைப்படம். நீளமான மரம் கிடைக்காத பாலைவனம் என்பதால் கூரை முழுக்கச் செங்கல் வளைவும் குவிமாடமும். உள்ளே பீடத்தின் பின்சுவரையும் செங்கல், சுதையால் எழுப்பி வண்ணமும் பொன்பூச்சும் கொடுத்திருக்கிறார்கள். முகப்பில் இரண்டு கோபுரங்கள். கிழக்குக் கோபுரத்துக்கு மட்டும் உச்சிக் குவிமாடம் கிடையாது, கடைசி வரை முடிக்கவில்லை. உழைத்தவர்களில் ஓதாம் மக்கள் முக்கியமானவர்கள். இன்றும் அது அவர்களுடைய பங்குக் கோவில். படுத்த நிலையில் இருக்கும் சவேரியார் சுரூபத்தின் தலையை மெல்லத் தூக்கி வேண்டிக்கொள்வது அங்கே வழக்கம்.

நமக்குப் பழக்கமான ஒரு விஷயமும் அங்கே உண்டு. முன்பு பூசிய சிமெண்ட் ஈரத்தை உள்ளே அடைத்துச் சுவரைக் கெடுத்ததால், அதை உரித்துவிட்டு மறுபடி சுண்ணாம்பு பூசினார்கள். சுண்ணாம்பில் சப்பாத்திக்கள்ளிச் சாறு கலப்பார்கள். நம்ம கொத்தனார் கடுக்காயும் வெல்லமும் ஊறிய தண்ணீர் சேர்த்த அதே தர்க்கம்.

இப்போது ஆவூர்ப் பக்கம். கோட்டையோ படையோ இல்லாத மிஷன், பாளையக்காரர் அனுமதியில், ஊரார் பொறுப்பில் பிழைத்தது. மதுரை மிஷனின் பல கோவில்கள் மண்சுவரும் கூரையுமாகவே தொடங்கின, ஒரு கலவரத்தில் போய்விடும், மறுபடி எழும். கட்டாயப்படுத்தும் பலம் இல்லாதவர் ஒத்துப்போக வேண்டும். சாமியார்கள் காவி உடுத்தினார்கள், இறைச்சியை விட்டார்கள். 1640 வாக்கிலிருந்து பண்டாரசாமி என்று ஒரு பிரிவே இருந்தது. ஆவூரில் பணியாற்றிய வீரமாமுனிவர் தமிழில் காப்பியமே எழுதினார். ஆவூரில் ஈஸ்டருக்குப் பாஸ்கா நாடகமும் அதன் பின் தேரும் உண்டு. இங்கே கோவில் என்பது சுவரோடு முடிவதில்லை, தேர் ஓடும் தெருவும் அதில் சேர்த்தி.

இந்த ஒத்துப்போதலுக்கு விலையும் உண்டு. சாதியையும் அப்படியே உள்ளே அனுமதித்தார்கள். யார் எங்கே உட்கார்வது என்ற சண்டை தமிழ்நாட்டுக் கோவில்களில் 20ஆம் நூற்றாண்டு வரை நீண்டது. படை இல்லாததால் நம்ம மிஷன் புனிதமாகிவிட்டது என்று நான் சொல்ல வரவில்லை. அங்கே வன்முறை வெளியிலிருந்து வந்தது, இங்கே ஏற்கெனவே உள்ளே இருந்ததோடு சமரசம் செய்துகொண்டார்கள்.

என் வாதத்துக்குச் சோதனை வேண்டுமென்றால் திருச்சிக்கு வாருங்கள். 1773இல் கலைக்கப்பட்ட சேசு சபை மீண்டெழுந்து 1838இல் திருச்சிக்குத் திரும்பியது. இப்போது மேலே ஆங்கிலேய ஆட்சி. சில பத்தாண்டுகளில் செயின்ட் ஜோசப் கல்லூரி வளாகத்தில் லூர்து மாதா கோவில் எழுகிறது. கூர்முனை வளைவு, வானத்தைத் தொடும் ஊசிக் கோபுரம், அசல் ஐரோப்பிய கோதிக். ஆவூரிலிருந்து அங்கே ஒரு மணி நேரப் பயணம்தான். சபை அதே, மண்ணும் அதே, மாறியது ஆட்சி.

விராலிமலை பக்கம் போகும்போது ஆவூரை எட்டிப் பாருங்கள், முடிந்தால் ஈஸ்டர் தேர் சமயத்தில். நீங்கள் எங்காவது எழுதினால் 1547ஐ மட்டும் தயவுசெய்து காப்பி பண்ணாதீர்கள்.