விளையாட்டு வீண்பொழுதா?

பாலக்காட்டுச் சீமையில் தை பிறந்தால் பகவதி கோயில்களில் திருவிழாக் காலம். செண்டை மேளம், யானை, வாண வேடிக்கை எல்லாம் முடிந்து ஊர் உறங்கப் போன பிறகு, கோயிலுக்கு எதிரே ஒரு நீண்ட மேடையில் மட்டும் விளக்கு எரிந்துகொண்டிருக்கும். அந்த மேடைக்குக் கூத்துமாடம் என்று பெயர். வெள்ளைத் திரைக்குப் பின்னால் வரிசையாக 21 தேங்காய் மூடிகள், எண்ணெய் விட்டுத் திரி போட்டவை. அவற்றின் வெளிச்சத்தில் தோலில் வெட்டிய இராமனும் இராவணனும் நிழலாக வந்து நிற்பார்கள். திரைக்குப் பின்னாலிருந்து பாட்டு எழும்பும்.

அது என்ன பாட்டு? கம்பராமாயணம்! தமிழ்நாட்டு எல்லைக்கு இந்தப்பக்கம், மலையாளம் பேசும் ஊரில், நடுநிசியில் கம்பனின் பாட்டு. பாடுகிறவர் வீட்டில் பேசுவது மலையாளம். பாட்டுக்கு அவர் விரித்துச் சொல்லும் பொருளும் பெரும்பாலும் மலையாளம். ஆனால் பாட்டு மட்டும் தமிழ்.

இன்னொரு வேடிக்கை. பல இரவுகளில் திரைக்கு முன்னால் ஆளே இருக்காது. இரண்டொரு முதியவர்கள் துண்டை விரித்துப் படுத்திருந்தால் உண்டு. ஆனாலும் கூத்து நிற்காது. விடியும் வரை நடக்கும். இப்படி 7 இரவு, 14 இரவு, 21 இரவு என்று ஊர் வழக்கப்படி நடக்கும்.

இது தோல்பாவைக்கூத்து. பாலக்காடு, திருச்சூர், மலப்புறம் மாவட்டங்களில் இன்றும் நடந்து வருகிறது. பத்திரகாளி தாருகனோடு போர் செய்துகொண்டிருந்த நேரத்தில்தான் இராமன் இராவணனோடு போர் செய்தானாம். அதனால் அந்தப் போரை அவளால் பார்க்க முடியவில்லை. அவள் மனக்குறை தீர ஆண்டுதோறும் அவளுக்கு ஆடிக் காட்டுகிறார்கள் என்பது ஐதீகம். ஆகவே, பார்க்க மனிதர் வந்தாலும் வராவிட்டாலும் கவலை இல்லை. அம்மன் பார்க்கிறாள், அது போதும்.

காசு வாங்கிக்கொண்டு நுழைவுச் சீட்டுக் கிழிக்கும் உலகத்தில் இருக்கும் நமக்கு இது வியப்பாகத்தான் இருக்கும். ஆனால் பார்க்க ஆள் இல்லாமலே முழு மனதோடு ஆடும் கூட்டம் ஒன்று நம் ஒவ்வொருவர் வீட்டிலும் இருக்கிறது. குழந்தைகளைத்தான் சொல்கிறோம்.

களி கிண்டுவதும் களி ஆடுவதும்

தமிழ்நாட்டில் பிறந்து பிழைப்புக்காகக் கேரளம் வந்தவர்களுக்கு முதலில் குழப்பம் தரும் சொற்களில் ஒன்று ‘களி’. மார்கழித் திருவாதிரை அன்று நம் வீட்டில் களி கிண்டுவார்கள். அதே நாளில் கேரளத்தில் பெண்கள் விளக்கைச் சுற்றிக் கைகொட்டி ஆடுவார்கள். அதற்கும் பெயர் திருவாதிரக்களி! நமக்குக் களி வாயில், அவர்களுக்குக் காலில்.

மலையாளத்தில் குழந்தை ஆடுவதும் களிதான், கோயிலில் ஆடுவதும் களிதான். பந்து விளையாடினால் பந்துகளி. ஆண்டுக்கணக்கில் கண்ணுக்கும் கைவிரலுக்கும் பயிற்சி எடுத்து, விடிய விடிய ஆடும் பெருங்கலைக்குக் கதகளி. இரண்டுக்கும் ஒரே சொல்லைப் போட யாரும் வெட்கப்படவில்லை.

நம் மொழியிலும் ஒரு காலத்தில் அப்படித்தான் இருந்தது. ‘ஆட்டம்’ என்றால் சடுகுடுவும் ஆட்டம், பரதமும் ஆட்டம். பாவைக்கூத்துக்காரர்கள் வழிவழியாக வைத்திருக்கும் ஏட்டுக்கு ‘ஆடல்பற்று’ என்று பெயர். தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலைப் புரட்டினால், மனிதனுக்கு உவகை பிறக்கும் இடங்கள் நான்கு என்று காணலாம். செல்வம், அறிவு, காதலர் கூட்டம் ஆகிய மூன்றோடு நான்காவதாக விளையாட்டையும் வைத்திருக்கிறார் தொல்காப்பியர். பணத்துக்கும் அறிவுக்கும் சமமான ஆசனம்!

ஆனால் இன்று நம் வீட்டில் என்ன நடக்கிறது? “விளையாடினது போதும், உள்ளே வா” என்பதுதான் மாலையில் கேட்கும் முதல் குரல். பொறுப்பில்லாதவனை ‘விளையாட்டுப் பிள்ளை’ என்கிறோம். ‘விளையாட்டு வினையாகும்’ என்று பழமொழி சொல்லிப் பயமுறுத்துகிறோம். ஊரை விட்டு வந்து உழைக்கிறவனுக்குப் பிள்ளையின் படிப்பு ஒன்றுதான் சொத்து. அந்தக் கவலையில் தவறு இல்லை. ஆனால் விளையாட்டு வீண்பொழுதுதானா என்பதை ஒருமுறை நிதானமாகப் பார்க்க வேண்டாமா? அதற்கு இந்த எல்லைப்புறத்தைவிட நல்ல இடம் கிடைக்காது.

கணவாய் வழியே வந்த கம்பன்

மேற்குத் தொடர்ச்சி மலையில் கடவுள் திறந்துவைத்த வாசல் பாலக்காட்டுக் கணவாய். காற்று வந்தது, வணிகர் வந்தார்கள், நெசவாளர் வந்தார்கள், பின்னால் ரயிலும் வந்தது. அந்த வழியே கம்பனும் வந்தான். பாவைக்கூத்துக் குடும்பங்களில் பலவற்றின் முன்னோர் தமிழ்நாட்டுப் பக்கமிருந்து வந்தவர்கள் என்பது வழிவழிச் செய்தி. கூத்து வல்லவர்களைப் ‘புலவர்’ என்றே அழைக்கிறார்கள்.

ஷொறணூரை அடுத்த கூனத்தறையில் இந்தக் கலையைக் காத்துவரும் புலவர் குடும்பம் உலகறிந்தது. கிருஷ்ணன்குட்டிப் புலவர் கோயிலுக்குள் இருந்த கூத்தை வெளியுலக மேடைக்கும் கொண்டுவந்தார். அவருடைய மகன் இராமச்சந்திரப் புலவருக்கு 2021-ல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. ஆண்களே ஆடிவந்த கூத்தில் இப்போது பெண்களும் இறங்கியிருக்கிறார்கள்.

எண்ணிப் பாருங்கள். இந்தப் பாட்டுகள் தலைமுறை தலைமுறையாக இங்கே நிலைத்ததற்குப் பள்ளிக்கூடம் காரணமல்ல. பாடத்திட்டம் இல்லை, தேர்வு இல்லை, அரசாணை இல்லை. 1956 நவம்பர் 1-ல் மொழிவாரியாகக் கேரள மாநிலம் அமைந்தது. வாளையாறுக்கு அந்தப்பக்கம் ஒரு மாநிலம், இந்தப்பக்கம் ஒரு மாநிலம் என்றாயிற்று. அதற்குப் பிறகும் கூத்துமாடத்தில் கம்பன் ஓயவில்லை. பேச்சுமொழி மாறிய வீட்டிலும் ஆட்டமொழி மாறவில்லை. ஆட்டத்தில் ஏறிக்கொண்ட மொழி இறங்குவதில்லை.

சித்தூர், ஆலத்தூர், பாலக்காடு வட்டாரங்களில் விஷு கழிந்ததும் பகவதி கோயில்களில் நடக்கும் கண்ணியார்களியையும் இங்கே சொல்ல வேண்டும். இரவுதோறும் விளக்கைச் சுற்றி வட்டக்களி. நடுநடுவே ‘பொறாட்டு’ என்ற வேடிக்கை வேடங்கள். ஊருக்கு வந்த பல சாதி, பல தொழில் மக்களைப் போல வேடம் போட்டு ஆடுவார்கள். அந்தப் பாட்டுகளிலும் பேச்சுகளிலும் தமிழ் தாராளமாகக் கலந்திருக்கும். பகலெல்லாம் தான் யாரோ, இரவில் அவன் வேறு ஒருவன். அடுத்தவன் நடையையும் பேச்சையும் தன் உடம்பில் ஏற்றிப் பார்க்கும் இந்த வித்தையை நம் வீட்டுக் குழந்தையும் செய்கிறதே! அப்பாவின் சட்டையை மாட்டிக்கொண்டு, “டிக்கெட், டிக்கெட்” என்று பரிசோதகர் ஆகிறதே! கொட்டாங்கச்சியில் மண்ணை வைத்துச் சோறு என்கிறதே! அது கூத்துமாடத்துத் தேங்காய் மூடிக்கு உறவுமுறைதான்.

மலைமேல் குரவை

பாலக்காட்டை விட்டு இடுக்கிக்கு வருவோம். குமுளிக்கு மேலே, தேனி மாவட்ட எல்லையில், அடர்ந்த காட்டுக்குள் இருக்கிறது மங்கலதேவி கண்ணகி கோயில். சித்திரைப் பௌர்ணமி அன்று ஒருநாள் மட்டுமே மக்களை அனுமதிக்கிறார்கள். குமுளியிலிருந்து ஜீப்பிலும், தமிழ்நாட்டுப் பளியன்குடியிலிருந்து கால்நடையாகவும் இரு மாநில மக்களும் ஏறிப் போகிறார்கள்.

கண்ணகி விண்ணேறியது இந்த மலையில்தான் என்பது இங்குள்ளோர் நம்பிக்கை. சிலப்பதிகாரத்தில் அதைக் கண்ட மலைக்குறவர்கள் என்ன செய்தார்கள்? அழவில்லை, ஓடவில்லை. கைகோத்துக் குரவை ஆடினார்கள். அந்தப் பகுதிக்கே குன்றக்குரவை என்றுதான் பெயர். பெரும் துயரத்தைக் கண்டவர்கள் அதை ஆடித்தான் தெய்வமாக்கினார்கள்.

அதே இடுக்கியில் மூணாறு, தேவிகுளம், பீருமேடு, உடும்பன்சோலைப் பக்கம் தேயிலைக்கும் ஏலத்துக்கும் மலை ஏறிய நம்மவர்கள் எத்தனை தலைமுறை! லயத்து வீட்டுக்கு முன்னால் நாலடி வாசல், அதுதான் பிள்ளைகளின் மைதானம். அம்மா கொழுந்துக் கூடையோடு மலையேறினால் பிள்ளை கூழாங்கல்லோடு வாசலில் உட்காரும். 1951-ல் வந்த தோட்டத் தொழிலாளர் சட்டம், 50 பெண்களுக்குக் குறையாமல் வேலை செய்யும் தோட்டத்தில் பிள்ளைக் காப்பகம் வேண்டும் என்றது. தொழிலாளருக்குப் பொழுதுபோக்கு வசதி செய்யும்படி முதலாளிக்கு விதி போட மாநில அரசுகளுக்கு அதிகாரமும் கொடுத்தது. கூலியையும் குடிதண்ணீரையும் போல விளையாட்டும் தொழிலாளியின் உரிமைக் கணக்கில் ஏறியது. மூணாறில் பின்லே பெயரிலான கால்பந்துப் போட்டிக்கு எஸ்டேட்டுக்கு எஸ்டேட் அணி கட்டி மோதிய கதையை அங்குள்ள பெரியவர்களைக் கேட்டால் இரவெல்லாம் சொல்வார்கள்.

ஒரே ஆட்டம், இரண்டு பெயர்

எல்லைப்புறத்துப் பிள்ளைகளுக்கு இன்னொரு பாக்கியம் உண்டு. நம் கிட்டிப்புள் மலையாளப் பிள்ளைக்குக் ‘குட்டியும் கோலும்’. நம் அஞ்சாங்கல் அவனுக்குக் ‘கொத்தங்கல்லு’. பெயர் வேறு, ஆட்டம் ஒன்று. இரண்டு பிள்ளைகளுக்கும் நடுவே மொழிபெயர்ப்பாளர் தேவையில்லை. தோற்றவன் யார் என்பதில் சண்டை வந்தால் மட்டும் இருவரும் தங்கள் தங்கள் மொழிக்குப் போவார்கள்! அந்தச் சண்டையிலேயே இவன் மொழி அவனுக்கும், அவன் மொழி இவனுக்கும் பாதி வந்துவிடும்.

பல்லாங்குழியை எடுத்துக்கொள்ளுங்கள். 14 குழி, கொஞ்சம் புளியங்கொட்டை. இதே குடும்பத்து ஆட்டத்தை ஆப்பிரிக்காவின் கானா நாட்டில் ஓவாரே என்கிறார்கள். மலேசியாவில் சொங்காக், இலங்கையில் சிங்களவருக்கு ஒலிந்தா. எண்ணுவதும், எதிராளி குழியில் என்ன இருக்கிறதென்று நினைவில் வைப்பதும், ஒரு கை முன்னால் யோசிப்பதும் இதில் பிள்ளைக்குத் தானாக வருகின்றன. கணக்கு வாத்தியாரின் பிரம்பு இல்லாமலே வருகின்றன.

ஐக்கிய நாடுகள் சபை 1989-ல் ஏற்ற குழந்தை உரிமை ஒப்பந்தத்தின் 31-வது பிரிவு, ஓய்வும் விளையாட்டும் குழந்தையின் உரிமை என்கிறது. அதே பிரிவில், பண்பாட்டிலும் கலையிலும் பங்குகொள்வதும் அதன் உரிமை என்கிறது. இந்தியா 1992-ல் இதை ஏற்றது. விளையாட்டையும் கலையையும் ஒரே பிரிவில் வைத்தவர்கள் மலையாளத்துக் ‘களி’யை அறிந்திருந்தார்களோ என்னவோ!

வாசற்கதவைத் திறந்து வையுங்கள்

இப்போது நம் வீட்டுக்கு வருவோம். பிள்ளை பள்ளியில் படிப்பது ஆங்கிலமோ மலையாளமோ. தமிழ் வழிப் பள்ளி கிடைக்கும் இடமும் உண்டு, கிடைக்காத இடமும் உண்டு. பள்ளி விட்டதும் டியூஷன். டியூஷன் விட்டதும் கைபேசி. ஒரு நாளில் அந்தப் பிள்ளை தமிழில் சிரிப்பது எப்போது? சண்டை போடுவது எப்போது? ஒன்று, இரண்டு என்று தமிழில் எண்ணுவது எப்போது? வீட்டில் “சாப்பிடு, படி, தூங்கு” என்ற மூன்று கட்டளைகள் மட்டுமே தமிழில் கேட்டால், தமிழ் அதற்குக் கட்டளைமொழியாகத்தான் இருக்கும். கட்டளைமொழியை எந்தப் பிள்ளையும் வளர்ந்த பிறகு விரும்பி வைத்துக்கொள்ளாது.

பெரிய செலவு ஒன்றும் வேண்டாம். ஊருக்குப் போய்த் திரும்பும்போது ஒரு பல்லாங்குழிப் பலகையும் கைப்பிடிப் புளியங்கொட்டையும் பெட்டியில் வையுங்கள். ஞாயிறு மாலை ஒரு மணி நேரம் “படி” என்ற சொல்லை மறந்துவிடுங்கள். பாட்டி வந்திருந்தால், அவர் ஆடிய ஆட்டங்களைப் பேத்திக்குச் சொல்லிக் கொடுக்கச் சொல்லுங்கள். திருவிழாக் காலத்தில் ஓர் இரவு பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு கூத்துமாடத்துக்குப் போங்கள். பாதியில் அது தூங்கிப் போகும், போகட்டும். அந்த 21 விளக்கின் வெளிச்சம் கண்ணில் நிற்கும்.

முன்னால் ஆள் இல்லாத திரைக்குப் பின்னே, மலையாளம் பேசும் ஒருவர் விடிய விடியக் கம்பனைப் பாடுகிறார். அவருக்கு அது யாரும் திணித்த பாடமல்ல, ஆட்டம். தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட நம் வீட்டுப் பிள்ளைக்கு அந்த ஆட்டத்தை நாம் மறுக்கலாமா?