எல்லைப்புற நடிகையும் இரு மொழிகளும்

சித்தூர், திருப்பதி வட்டாரங்களில் தமிழும் தெலுங்கும் நெடுங்காலமாக ஒரே தெருவில் வழங்கி வருகின்றன. 1960-ஆம் ஆண்டு எல்லை திருத்தப்பட்டபோது திருத்தணி சென்னை இராஜ்யத்தைச் சேர்ந்தது. சித்தூரும் திருப்பதியும் ஆந்திரத்திலேயே நின்றன. ஆயினும் கலைஞர்களின் போக்குவரவு நிற்கவில்லை. சித்தூர் நாடக மேடையால் அவ்வூர்ப் பெயரையே தம் பெயரின் முன்னே பெற்ற நாகையா, தமிழில் ‘மீரா’ (1945), தெலுங்கில் ‘தியாகையா’ (1946) என இரு மொழிகளிலும் புகழ் பெற்றார். அவ்வழியில் நம் காலத்தில் வந்தவர் பிந்து மாதவி. முன்னணி நடிகையரின் வரிசையில் அவர் பெயர் அதிகம் பேசப்படுவதில்லை. எனினும் அவருடைய கலைவாழ்க்கையில் நாம் அறியத்தக்க செய்தி ஒன்று உண்டு.

அவர் பிறந்த மதனப்பள்ளி அந்நாளில் சித்தூர் மாவட்டத்தில் இருந்தது. 1919-இல் கவி தாகூர் தங்கித் தமது தேசிய கீதத்தை ஆங்கிலத்தில் பெயர்த்த ஊர் அது. தந்தையாரின் அரசாங்க உத்தியோகம் காரணமாகத் திருப்பதி முதலிய பல ஊர்களில் வாழ்ந்து, வேலூரில் உயிர்த்தொழில்நுட்பம் பயின்றார். வீட்டாரின் எதிர்ப்பைக் கடந்தே நடிப்புத் தொழிலில் புகுந்தார். தெலுங்கில் ‘ஆவக்காய் பிரியாணி’ (2008) அவருடைய முதற்படம். தமிழில் ‘வெப்பம்’ (2011), ‘கழுகு’ (2012), ‘கேடி பில்லா கில்லாடி ரங்கா’, ‘தேசிங்கு ராஜா’ (இரண்டும் 2013) முதலிய படங்கள் தொடர்ந்தன. மலைப்பள்ளத்தில் வீழ்ந்து மாண்டோரின் உடல்களை மீட்கும் தொழிலாளரைப் பற்றிய ‘கழுகு’, அவரைத் தமிழர்க்கு நன்கு அறிமுகப்படுத்தியது.

திரைப்படத்தில் வேற்று மொழி நடிகைக்கு மற்றொருவர் குரல் கொடுப்பது நெடுநாளைய வழக்கம். முகம் ஒருவருடையது, சொல் வேறொருவருடையது. மொழி தெரியாத குறையை இவ்வேற்பாடு மறைத்துவிடும். தொலைக்காட்சியின் ‘பிக் பாஸ்’ நிகழ்ச்சியிலோ இத்துணை கிடையாது. பலரை ஒரே வீட்டில் தங்கவைத்து, அவர்கள் உண்பதையும் உரையாடுவதையும் பூசலிடுவதையும் இரவு பகலாகப் படம் பிடிக்கிறார்கள். அங்கே எழுதிக் கொடுத்த வசனமும் இல்லை, இரவல் குரலும் இல்லை. 2017-இல் தமிழ் நிகழ்ச்சியில் நடுவே சேர்ந்த பிந்து மாதவி, சொந்தக் குரலில் தமிழ் பேசியே இறுதி வாரம் வரை நிலைத்தார். தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்டவருக்கு இது எளிய சோதனையன்று.

2022-இல் தெலுங்கு நிகழ்ச்சியின் இணையப் பதிப்பில் அவரே வாகை சூடினார். தெலுங்கில் அதற்குமுன் பெண் எவரும் வென்றதில்லை. மறு ஆண்டில் ‘நியூசென்ஸ்’ என்னும் இணையத் தொடரில் நடித்தார். அதன் கதை நிகழும் களம் அவர் பிறந்த மதனப்பள்ளியே.

பிற மாநிலங்களில் வாழும் நம்மவர்க்கு இவ்வரலாறு அயலானதன்று. அலுவலகத்திலும் அங்காடியிலும் நமக்கும் இரவல் குரல் கிடையாது. வந்த ஊரின் மொழியைத் தடுமாறியேனும் பிறர் கேட்கப் பேசவேண்டும். வீட்டில் தாய்மொழியையும் விடாது பேசவேண்டும். அவ்வாறு பேசிப் பழகிய பிள்ளைகள் இரண்டு மொழிகளையும் தமக்குரியனவாகக் கொள்வார்கள்.