நான்கு பெயர், ஒரே மான்!

ஆம்பூரில் ஒரு பள்ளிக்கூடம். காலை மணி அடித்தாயிற்று. ஆசிரியை பெயர் கூப்பிடுகிறார் என்று வைத்துக்கொள்வோம்.

"ஹரிணி!"

"கஸாலா!"

"தபிதா!"

"டார்கஸ்!"

முதல் பெண் இந்து. இரண்டாவது பெண் முஸ்லிம். மற்ற இருவரும் கிறிஸ்தவப் பெண்கள். முதல் மூன்று பெயர்களும் காதுக்குப் பழகியவை. நான்காவது பெயரைக் கேட்டதும், "இது என்னடி பெயர்?" என்று பக்கத்தில் இருப்பவள் கேட்கக்கூடும்.

கேட்டால் அந்தப் பெண் தயங்காமல் பதில் சொல்லலாம். "உன் பெயரும் என் பெயரும் ஒன்றுதான்!"

ஆம்! நான்கு பெயர்களுக்கும் பொருள் ஒன்றே. மான்! ஹரிணி என்பது வடமொழி. கஸாலா என்பது அரபு. தபிதா என்பது இயேசு காலத்தில் பாலஸ்தீன மக்கள் பேசிய அரமேய மொழி. டார்கஸ் என்பது கிரேக்கம். மொழிதான் வேறு. துள்ளி ஓடுவது அதே பெண்மான்தான்.

பார்வையில் பிறந்த பெயர்

கிரேக்கர்கள் இந்த மானை 'டோர்கஸ்' என்றார்கள். தங்கள் நாட்டுச் சிறு காட்டுமானுக்கும் அந்தப் பெயர்தான். சிரியாவிலும் ஆப்பிரிக்காவிலும் கண்ட பாலைவன மானுக்கும் அந்தப் பெயர்தான்.

கிரேக்க மொழியில் 'டெர்கொமை' என்று ஒரு சொல் உண்டு. ஒளி வீசப் பார்ப்பது, கூர்ந்து பார்ப்பது என்று அதற்கு அர்த்தம். அந்தச் சொல்லோடு சேர்த்துத்தான் பழைய கிரேக்கர்கள் மானின் பெயருக்குப் பொருள் கண்டார்கள். பெரிய கண்ணும் மிரண்ட பார்வையும் உள்ள பிராணி என்று கருத்து.

தமிழனுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. 'மான்விழி' என்று பெண்ணுக்குப் பெயர் வைக்கிறவன் அவன்!

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. கதைகளில் நெருப்புக் கக்கும் 'டிராகன்' என்ற பெயரையும் அறிஞர்கள் அதே 'டெர்கொமை'யிலிருந்து வந்ததாகச் சொல்கிறார்கள். அதன் பார்வை உறுத்துப் பார்க்கும் பார்வை. இதன் பார்வை மருண்ட பார்வை.

எந்த மான்?

வேலூரை அடுத்த அமிர்தியில் புள்ளிமான்களைப் பார்த்தவர்கள் அந்த மானை நினைத்துக்கொள்ள வேண்டாம். புள்ளிமானுக்குக் கிளை விட்ட கொம்பு. அது விழுந்து மறுபடி முளைக்கும். பெண் புள்ளிமானுக்குக் கொம்பே இல்லை.

டார்கஸ் மானுக்கு நிலைத்த கொம்பு. ஆணுக்கும் உண்டு, பெண்ணுக்கும் உண்டு. வட ஆப்பிரிக்காவின் பாலைவனங்களில் வாழ்கிறது. தண்ணீரே குடிக்காமல் நெடுநாள் இருக்கும். தின்னும் இலை தழைகளில் உள்ள ஈரமே அதற்குப் போதும். விஞ்ஞானிகள் அதற்கு வைத்த பெயரிலும் 'டார்கஸ்' இருக்கிறது. வைத்தவர் சுவீடன் நாட்டு லின்னேயஸ். ஆண்டு 1758. ஆங்கிலேயர் இந்த வகை மானை 'கெஸல்' என்கிறார்கள். அது கஸாலா என்ற அரபுப் பெயரோடு பிறந்த சொல்.

தோல் ஊரில் மான் பெயர் என்றதும் மான் தோல் நினைவுக்கு வரலாம். அது வேறு விஷயம். ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் பதனிடுவது ஆடு, மாடு, எருமைத் தோல்கள். இந்திய மான்களைக் கொல்வது 1972-ஆம் ஆண்டு வனவிலங்குச் சட்டப்படி குற்றம்.

வள்ளிமலையின் மகள்

மானுக்கும் பெண்ணுக்கும் உள்ள உறவு இந்த வட்டாரத்துக்குப் புதிதே அல்ல. வேலூர் மாவட்டத்தில் காட்பாடிப் பக்கம் வள்ளிமலை இருக்கிறது. அங்கே ஒரு பெண்மான் மனிதக் குழந்தையை ஈன்றது என்பது புராணம். வள்ளிக்கிழங்கு தோண்டிய குழியில் குழந்தையை விட்டுவிட்டு மான் போய்விட்டது. வேடர் தலைவன் நம்பிராஜன் கண்டெடுத்து வளர்த்தான். அவளே முருகனை மணந்த வள்ளி.

ஆகவே பாலாற்றுச் சீமைக்கு மான் மகள் ஒருத்தி ஏற்கெனவே இருந்தாள். கடல் கடந்து வந்த டார்கஸ் அவளுக்குத் தங்கை முறை என்று சொன்னால் தப்பில்லை.

தையற்காரி கதை

பெயர் கடல் கடந்து வந்த வழி என்ன? பைபிளில் 'அப்போஸ்தலருடைய நடபடிகள்' என்ற நூல். அதில் ஒன்பதாம் அதிகாரம்.

மத்தியதரைக் கடலோரத்தில் யோப்பா என்ற துறைமுகம். அங்கே தபித்தாள் என்று ஒரு பெண் இருந்தாள். கிரேக்கம் பேசுகிறவர்களுக்கு அவள் டோர்கஸ். ஒரே பெண்ணுக்கு வீட்டு மொழியில் ஒரு பெயர், வியாபார மொழியில் ஒரு பெயர். தமிழும் உருதுவும் கலந்து புழங்கும் ஆம்பூர்க்காரர்களுக்கு இது ஆச்சரியமாக இராது.

அவள் ராணியல்ல. பிரசங்கியும் அல்ல. தையல் வேலை தெரிந்தவள். ஏழை விதவைகளுக்கு அங்கியும் மேலாடையும் தைத்துக் கொடுத்தாள். நோய் வந்தது. இறந்து போனாள். உடலைக் குளிப்பாட்டி மேல்மாடியில் கிடத்தினார்கள். பக்கத்து ஊரான லித்தாவில் இருந்த பேதுருவுக்கு ஆள் போயிற்று.

பேதுரு வந்தார். விதவைகள் சூழ்ந்துகொண்டு அழுதார்கள். அழுகையோடு ஒரு காரியமும் செய்தார்கள். அவள் தைத்துக் கொடுத்த துணிகளை எடுத்துக் காட்டினார்கள். இறந்தவளின் குணத்தைச் சொல்ல அவர்களுக்குத் தெரிந்த வழி அதுதான்.

பேதுரு எல்லாரையும் வெளியே அனுப்பினார். முழங்கால் படியிட்டு ஜெபித்தார். பெயர் சொல்லி எழுந்திரு என்றார். உயிர் வந்தது. அப்போது அவள் முதலில் செய்தது என்ன? கண்ணைத் திறந்தாள். பார்வையால் பெயர் பெற்றவள் அல்லவா!

நாற்றம் பிடித்த வீடு

கதை இங்கே முடிவதாகப் பலர் நினைக்கிறார்கள். அதற்கு அடுத்த ஒரே ஒரு வரிதான் தோல் ஊர்க்காரர்கள் கவனிக்க வேண்டிய வரி. பேதுரு அதன் பிறகு பல நாள் யோப்பாவில் தங்கினார். யார் வீட்டில்? சீமோன் என்பவன் வீட்டில். அவன் தொழில் தோல் பதனிடுவது!

இது சாதாரணச் செய்தி அல்ல. அந்தக் காலத்து யூதர்கள் தோல் தொழிலைத் தாழ்வாக நினைத்தார்கள். செத்த பிராணியைத் தொடும் வேலை அது. சுண்ணாம்பு, மாசிக்காய், நாயின் கழிவுகூட அந்தக் காலத் தொட்டிகளில் கலந்தன. நாற்றம் எப்படி இருந்திருக்கும்!

யூதர்களின் பழைய சட்டத் தொகுப்புக்கு மிஷ்னா என்று பெயர். கி.பி. 200 வாக்கில் தொகுத்தது. தோல் பதனிடும் இடம் ஊருக்கு 50 முழம் தள்ளி இருக்க வேண்டும், அதுவும் கிழக்குப் பக்கத்தில்தான் இருக்க வேண்டும் என்கிறது அது.

இன்னொரு விதி இதைவிடக் கடுமை. தோல் பதனிடுகிறவனின் மனைவி அவனை விட்டு விலக உரிமை கேட்கலாம். கல்யாணத்துக்கு முன்பே அவன் தொழில் தெரிந்திருந்தாலும் சரி. "தாங்கலாம் என்று நினைத்தேன், இப்போது முடியவில்லை" என்று அவள் சொல்லலாம் என்றார் ஒரு குரு. சீதோன் நகரில் ஒரு வழக்கு வந்ததாம். புருஷன் தோல் தொழிலாளி. அவன் இறந்தான். வழக்கப்படி அவன் தம்பி அவளை மணக்க வேண்டும். தம்பிக்கும் அதே தொழில். "உன் அண்ணனைத் தாங்கினேன், உன்னைத் தாங்க முடியாது" என்று சொல்லும் உரிமை அவளுக்கு உண்டு என்று பெரியவர்கள் தீர்ப்புச் சொன்னார்கள்!

ராணிப்பேட்டை, மேல்விஷாரம், பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி. இந்த ஊர்களில் யாருக்கும் இந்தச் சட்டம் புரியும். பாலாற்றுத் தண்ணீரும் ஆவாரம்பட்டையின் துவர்ப்பும் தோல் தொழிலை இங்கே நிறுத்தின. 1856-ல் ராயபுரத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கம் ரயில் வந்தது. தோலும் பட்டையும் ஏற்றி இறக்க வழி பிறந்தது. தோல் வியாபாரத்தில் முஸ்லிம் வியாபாரிகள் பேர் பெற்றார்கள்.

பணம் வந்தது. ஆனால் தொட்டியில் இறங்கிப் பச்சைத் தோலைப் புரட்டியவனுக்குக் கூலியோடு இழிசொல்லும் சேர்ந்து வந்தது. அவர்களில் மிகப் பலர் சேரியில் வாழ்ந்த மக்கள். ஊருக்கு வெளியே தள்ள இங்கே 50 முழக் கணக்கு வேண்டியிருக்கவில்லை. ஜாதியே அந்த வேலையைச் செய்தது.

அப்படிப்பட்ட ஒரு வீட்டு மாடியில்தான் பேதுருவுக்கு அந்தத் தரிசனம் கிடைத்தது. நடுப்பகல் நேரம். பசி. வானத்திலிருந்து பெரிய துப்பட்டி இறங்குகிறது. அதில் எல்லா வகை மிருகங்களும் இருக்கின்றன. கடவுள் சுத்தமாக்கியதைத் தீட்டென்று சொல்லாதே என்று குரல் கேட்கிறது. எந்த மனிதனையும் தீட்டுள்ளவன் என்று சொல்லக் கூடாது என்று பேதுரு அதற்குப் பொருள் கொண்டார். கோயில் மண்டபத்தில் வராத ஞானம் தோல் தொழிலாளி வீட்டு மொட்டை மாடியில் வந்தது!

தொற்காள் ஆன டோர்கஸ்

தமிழில் இந்தக் கதை முதலில் அச்சானது 1714-ல். இடம் தரங்கம்பாடி. செய்தவர் ஜெர்மானியப் பாதிரியார் சீகன்பால்கு. நான்கு சுவிசேஷங்களோடு நடபடிகளும் அந்த ஆண்டு அச்சேறின.

பிற்காலத்தில் தமிழர் கையில் பரவிய வேதப் புத்தகத்தில் டோர்கஸ் 'தொற்காள்' என்று மாறினாள். தபிதா 'தபீத்தாள்' ஆனாள். லிடியா 'லீதியாள்'. யூனிஸ் 'ஐனிக்கேயாள்'. பீபி 'பெபேயாள்'. இவையும் கிரேக்க வழியாக வந்த பெயர்களே. எல்லாவற்றுக்கும் வாலில் ஒரு 'ஆள்'! வள்ளியம்மாளுக்கும் கண்ணம்மாளுக்கும் பக்கத்தில் உட்கார வைத்தது போல இருக்கிறது. இந்தக் காலத்துப் பெற்றோர் அந்த 'ஆளை' வெட்டிவிட்டார்கள். வெட்டாமல் இருந்திருந்தால் பெயர் இவ்வளவு அந்நியமாகத் தோன்றியிருக்காது.

வேலூர்ப் பக்கத்தில் வேதப் பெயர்கள் வேரூன்ற மிஷன்கள் காரணம். ஆற்காடு மிஷன் 1853-ல் அமைந்தது. அந்த மிஷன் குடும்பத்தில் 1870-ல் ராணிப்பேட்டையில் பிறந்தவர்தான் வேலூர் ஆஸ்பத்திரியைக் கட்டி எழுப்பிய டாக்டர் ஐடா ஸ்கட்டர். அவருடைய முழுப் பெயர் ஐடா சோபியா. சோபியா தாயாரின் பெயர். அதுவும் கிரேக்கம்தான். ஞானம் என்று பொருள். ஆம்பூரில் லுத்தரன் மிஷன் ஆஸ்பத்திரியும் பள்ளியும் நடத்தியது.

ஞானஸ்நானம் பெற்ற ஏழைக் குடும்பங்களுக்குப் பெயர் என்பது சின்ன விஷயமாக இருக்கவில்லை. ஊரார் அரைகுறையாகக் கூப்பிட்ட பெயர் ஒன்று. புத்தகத்தில் அச்சடித்த பெயர் ஒன்று. எதை விரும்புவார்கள்? தொட்டியில் நின்ற தகப்பன் தன் மகளுக்குத் தொற்காள் என்று பெயர் வைத்தால், அதில் தன் தொழிலுக்கும் ஒரு மூலையில் இடம் இருப்பதை ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்தில் கேட்டிருக்கலாம்.

ஊசி இன்னும் ஓடுகிறது

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் பெண்கள் கூடி ஏழைகளுக்குத் துணி தைத்தார்கள். அந்தக் கூட்டங்களுக்கு 'டார்கஸ் சங்கம்' என்று பெயர். அந்தச் சங்கங்கள் பலவும் இப்போது மறைந்துவிட்டன. ஆனால் டார்கஸின் வேலை ஆம்பூரில் வேறு உருவில் நடக்கிறது.

1970-களில் மத்திய அரசு அரைப்பதத் தோல் ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடு போட்டது. தோலாக அனுப்பாதே, செருப்பாக அனுப்பு என்பது கொள்கை. ஷூ தொழிற்சாலைகள் பெருகின. ஷூவின் மேல் பகுதியை 'அப்பர்' என்கிறார்கள். வெட்டிய துண்டுகளை மெஷினில் இணைத்து அப்பர் தைக்கிறவர்கள் பெரும்பாலும் பெண்கள். காலையில் கம்பெனி வண்டிகளில் சுற்று வட்டாரக் கிராமங்களிலிருந்து வருகிறார்கள். அவர்களில் ஹரிணியும் உண்டு, கஸாலாவும் உண்டு, டார்கஸும் உண்டு.

தோல் தொழில் சோறு போட்டது. பாலாற்றைக் கெடுக்கவும் செய்தது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. கழிவால் கெடுத்தவனே நஷ்டத்தைக் கொடுக்க வேண்டும் என்றது. கழிவு நீருக்கு 50 முழம் தூரமெல்லாம் கணக்கில்லை என்பதை மிஷ்னா எழுதியவர்கள் அறிய மாட்டார்கள்.

எப்படி எழுதுவது?

இந்தப் பெயரை மகளுக்கு வைக்க விரும்பும் பெற்றோருக்கு ஒரு வார்த்தை. பெயர் போடாமல் பிறப்பைப் பதிந்திருந்தால் ஓராண்டுக்குள் கட்டணம் இல்லாமல் பெயர் சேர்க்கலாம். அதற்குப் பிறகு தாமதக் கட்டணம் உண்டு. 15 வயது வரை சேர்க்கலாம்.

எழுத்தை முதலிலேயே முடிவு செய்துவிட வேண்டும். வேதத்தில் உள்ளபடி தொற்காள் என்று எழுதலாம். கிரேக்கர் சொன்னபடி டோர்கஸ் என்று எழுதலாம். ஆங்கில உச்சரிப்பில் டார்கஸ் என்று எழுதலாம். வீட்டிலே மூன்றும் ஒரே பெண். பள்ளிச் சான்றிதழுக்கும் ஆதார் அட்டைக்கும் மூன்றும் மூன்று பெண்கள்!