உயிருக்கு எது 'ஈடு'?

'இழப்பீடு' என்ற சொல்லுக்குள் இருக்கும் 'ஈடு'க்குச் சமம் என்றும் பொருள், அடமானம் என்றும் பொருள். வேலையில் செத்தவரின் உயிருக்கு எது சமம்? 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம், பின்வந்த திருத்தங்களோடு, இதற்கொரு வாய்பாட்டைத் தந்தது: மாதச் சம்பளத்தில் பாதியை வயதுக்கான எண்ணால் பெருக்க வேண்டும். 20 வயதுக்கு 224. 50 வயதுக்கு 153.09.

இதை வெறும் கொடுமை என்று தள்ளிவிட முடியாது. முதலாளி மேல் தப்பு இருந்ததா என்று சட்டம் கேட்கவில்லை. வேலையின்போது, வேலையின் காரணமாக விபத்து நடந்ததா என்று மட்டுமே கேட்டது. "அவன் காண்ட்ராக்டர் ஆளு" என்று கைகழுவவும் 12ஆம் பிரிவு விடவில்லை. தப்பை நிரூபிக்கும் சுமை புருஷனைப் பறிகொடுத்தவள் தலையிலிருந்து இறங்கியது.

ஆனால் கூடவே, 'சாவுக்கு யார் பொறுப்பு?' என்ற கேள்வியும் இறங்கிப் போயிற்று. மிஞ்சியது, "என்ன சம்பளம் வாங்கினாரு, சீட்டு இருக்கா?" என்பதுதான். குறைந்த கூலி கொடுத்தவனுக்குச் சாவும் மலிவு. 2020ஆம் ஆண்டு சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டமும் இதே வாய்பாட்டைத்தான் எடுத்துக்கொண்டது.

பாதாளச் சாக்கடைச் சாவுகளில் இந்தக் கணக்கு உடைந்தது. 1993 முதல் செத்தவர்களின் குடும்பங்களுக்குத் தலா 10 லட்சம் தர வேண்டும் என்று 2014இல் உச்சநீதிமன்றம் சொன்னது. 2023இல் அதை 30 லட்சமாக்கியது. சம்பளமும் கேட்கப்படவில்லை, வயதும் கேட்கப்படவில்லை. ஏனென்றால், ஆளை உள்ளே இறக்கியதே குற்றம். இங்கே தொகை கூலியை அளக்கவில்லை, குற்றத்தை அளக்கிறது.

ஆகவே பணத்தைக் கொடுத்ததும் வழக்கு முடிந்தது என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. இந்த 'ஈடு' சமம் அல்ல, அடமானம்தான். கடன் அப்படியே நிற்கிறது.