உங்களுக்குத் தெரியுமா? நாய் குட்டி போடும் நாளை வெப்பமானி சொல்லிவிடும்

நாயின் உடல் வெப்பம் வழக்கமாக 38 முதல் 39 பாகை செல்சியஸ். சினை முற்றிய நாய்க்கு அது 37 அளவுக்கு இறங்கினால், பெரும்பாலும் 24 மணி நேரத்துக்குள் குட்டிகள் பிறந்துவிடும்!

• சினைக்காலம் ஏறத்தாழ 63 நாள். கடைசி வாரத்தில் காலையும் மாலையும் ஆசனவாயில் வெப்பமானி வைத்துப் பாருங்கள்.

• பிறந்த குட்டிக்குக் குளிரில் நடுங்கக்கூட இயலாது. தன் உடம்பைத் தானே சூடாக வைத்திருக்கவும் முடியாது. யாழ்ப்பாணத்தில் ஐப்பசி, கார்த்திகை மாரியில் சீமெந்துத் தரை சில்லிட்டுக் கிடக்கும். வெறும் விறாந்தையில் விடவே வேண்டாம். தூவானம் படாத மூலையில், தாய் கால்நீட்டிப் படுக்கக்கூடிய பெட்டி ஒன்று; அடியில் சாக்கு, மேலே தோய்த்துக் காயவைத்த பழைய சாரம். சில நாள் முன்பே தாய் அதில் படுத்துப் பழகட்டும்.

• தாய் நக்கிவிட்டால்தான் குட்டி சிறுநீரே கழிக்கும். பிரித்து வைக்காதீர்கள், பாவம்.

• அரை மணி நேரம் பலமாக முக்கியும் குட்டி வரவில்லையா? முதற் குட்டிக்கு முன்பே பச்சை நிறத் திரவம் வடிகிறதா? உடனே மிருக வைத்தியரை அழையுங்கள். அவருடைய தொலைபேசி இலக்கத்தை இன்றே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.