அவ்வை சண்முகத்தை ஆளாக்கிய வாத்தியார்... கருவடிக்குப்பத்தில் உறங்குகிறார்!

வில்லியனூர்:
வில்லியனூர், பாகூர் பக்கம் திரவுபதி அம்மன் கோவில் திருவிழா என்றால் விடிய விடிய தெருக்கூத்து நடக்கும். கூத்து சொல்லிக் கொடுப்பவரை ஊர்ஜனம் "வாத்தியார்" என்றுதான் கூப்பிடும். அந்தக் காலத்து நாடக கம்பெனிகளிலும் அப்படித்தான். அப்படி பெரிய வாத்தியாராக இருந்தவர் சங்கரதாஸ் சுவாமிகள். அவர் கடைசி மூச்சை விட்டது நம்ம புதுச்சேரியில்தான். அவரிடம் பாடம் படித்த ஒரு சிறுவன்தான் பிறகு "அவ்வை" டி.கே.சண்முகம் ஆனார்.

6 வயதில் நாரதர்

சண்முகம் 1912-ல் திருவனந்தபுரத்தில் பிறந்தார். அப்பா கண்ணுசாமி பிள்ளை பெண் வேடம் கட்டுவதில் பேர் வாங்கியவர். 1918-ல் மதுரையில் சுவாமிகள் தொடங்கிய பாய்ஸ் கம்பெனியில் அண்ணன்களோடு சண்முகமும் சேர்ந்தார். வயது 6. முதல் வேடம் "சத்தியவான் சாவித்திரி"யில் நாரதர்.

பாய்ஸ் கம்பெனி என்றால் சும்மா இல்லை. சாப்பாடு, படுக்கை, பாட்டு, வசனம் எல்லாம் கம்பெனியில்தான். பகலில் பாடம், ராத்திரி மேடை. பையனுக்கு குரல் உடைந்தால் பிழைப்பே ஆட்டம் கண்டுவிடும்.

வாத்தியாருக்கு வாதநோய்

சுவாமிகளுக்கு வாதநோய் வந்து கை, கால் விழுந்தது. பேச்சும் போனது. பாட்டு கட்டிய வாய் ஊமையானது. 1922 நவம்பர் 13-ந்தேதி, பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரியில் உயிர் பிரிந்தது. அப்போது சண்முகத்துக்கு வயது 10. கருவடிக்குப்பத்தில் சுவாமிகளை அடக்கம் செய்தார்கள்.

1925-ல் சகோதரர்கள் சொந்தமாக சபா தொடங்கினார்கள். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் அதில் வளர்ந்தவர்தான்.

சினிமா கூப்பிட்டது ஏன்?

1931-ல் "காளிதாஸ்" வந்ததும் தமிழ் சினிமா பேச ஆரம்பித்தது. பின்னணி பாடுகிற வசதி அப்போது கிடையாது. நடிப்பவரே மைக் முன்னால் பாடியாக வேண்டும். அதனால் நாடகக்காரர்களுக்கு கிராக்கி ஏற்பட்டது. எம்.ஜி.ஆர்., பி.யு.சின்னப்பா எல்லாரும் பாய்ஸ் கம்பெனி பையன்கள்தான்.

1935-ல் ராஜா சாண்டோ இயக்கிய "மேனகா" படத்தில் டி.கே.எஸ். சகோதரர்கள் நடித்தார்கள். புராணப் படங்கள் வந்து குவிந்த நேரத்தில், இது குடும்பக்கதை. வடுவூர் துரைசாமி அய்யங்கார் எழுதிய நாவல்.

படம் பேர் வாங்கிக் கொடுத்தது. ஆனாலும் சண்முகம் மேடையை விடவில்லை. சபாவை நம்பி எத்தனையோ வயிறுகள் இருந்தன. சினிமா வளர வளர நாடகக் கொட்டகைகள் டூரிங் டாக்கீசாக மாறின. அந்தக் கஷ்டத்திலும் 1940-களில் அவர் கிழவி வேடம் போட்டு "அவ்வையார்" நாடகம் நடத்தினார். அதுதான் பேரோடு ஒட்டிக்கொண்டது. 1961-ல் வந்த "கப்பலோட்டிய தமிழன்" படத்தில் சுப்பிரமணிய சிவாவாக நடித்தார். 1973-ல் காலமானார்.

சின்ன வயதில் அவர் நாடகக் குழுவில் இருந்த கமல்ஹாசன், அந்த மரியாதையில்தான் 1996-ல் தன் படத்துக்கு "அவ்வை சண்முகி" என்று பேர் வைத்தார். சென்னையில் லாயிட்ஸ் ரோடு இப்போது அவ்வை சண்முகம் சாலை.

சிஷ்யனுக்கு சென்னையில் சாலை இருக்கிறது. வாத்தியாருக்கு நம்ம ஊரில் சமாதி இருக்கிறது. கூத்து, நாடகக் கலைஞர்கள் நினைவு நாளில் இன்றும் அங்கே போய் மாலை போட்டு கும்பிட்டு வருகிறார்கள் என்பது குறிப்பிடத்தக்கது.