உரத்த குரலும் ஓர் அழகே

“நல்ல சாரீரந்தான், ஆனால் கத்துகிறாள்!”

பாடும் பெண்களைப் பற்றி நம்மவர் வழங்கும் தீர்ப்புகளுள் இது மிகப் பழையது. மாத்தளைத் தோட்டங்களிலே மாரியம்மன் தாலாட்டுப் பாடும் மூதாட்டிகளைக் குறித்தும், காமன் கூத்திலே இரதியின் புலம்பலைப் பாடும் கூத்தரைக் குறித்தும் இதே தீர்ப்பைப் படித்தவர்கள் சொல்ல நான் பலமுறை கேட்டிருக்கிறேன். சொல் சிறியது, விளைவு பெரியது. தாயும் பாட்டியும் பாடுவது பாட்டன்று, வெறுங் கத்தல் என்று பள்ளிக்கூடத்திலே கேட்டு வளரும் பிள்ளை, தானும் வாய் திறக்கக் கூசும். ஒரு தலைமுறை கூசினால் அடுத்த தலைமுறைக்குப் பாட்டே இராது.

உரத்துப் பாடுவது கலையாகுமா என்னும் இவ்வினாவை ஆராய்வதற்குக் ‘கொடுமுடி கோகிலம்’ கே. பி. சுந்தராம்பாளைவிடச் சிறந்த உரைகல் தமிழிசை உலகில் இல்லை என்பது என் எண்ணம். தெய்வத்தைப் பாடுவதையே தம் வாழ்வாகக் கொண்ட அப்பெருமாட்டியின் கலை, மென்மையினால் ஆனதன்று. அது வெட்டவெளியிற் பிறந்த கலை. கூட்டத்தின் கடைசி வரிசையில் நிற்பவனையும் தேடிச் சென்ற கலை.

மேடை தந்த குரல்

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் 1908ஆம் ஆண்டு பிறந்தவர் சுந்தராம்பாள். அவர் பெயரின் முன்னெழுத்துகளில் ஒன்று ஊரைக் குறிப்பது. மற்றொன்று தாயார் பாலாம்பாளைக் குறிப்பது. இளமை வறுமையிற் கழிந்தது. இரயில் வண்டியிற் பாடிய சிறுமியின் குரலைக் கேட்ட கலையன்பர் ஒருவரின் உதவியால் வேலு நாயரின் நாடகக் கம்பெனியிற் சேர்ந்தார் என்பது அவர் வரலாற்றிற் பலரும் அறிந்த செய்தி.

அக்கால நாடக மேடையை இன்றைய மாணவர் கற்பனை செய்து பார்த்தல் வேண்டும். ஒலிபெருக்கி இல்லை. கொட்டகை நிறைந்த கூட்டம். விடிய விடிய நடக்கும் நாடகம். முன்னே விலையுயர்ந்த நாற்காலி, பின்னே தரை. தரையிலிருப்பவன் ஒரு சொல்லை இழந்தாலும் அவனுக்குக் கதை அறுந்துவிடும். ஆகவே நடிகர் உயர்ந்த சுருதியிற் பாடினர். பக்கத்தில் ஆர்மோனியம் அதற்கு ஈடுகொடுத்து முழங்கிற்று. அன்று உயர்ந்த சுருதி என்பது வீம்புக்குக் கைக்கொண்டதன்று. ஏழைக்கும் பாட்டுச் சென்றடைய வேண்டும் என்ற தேவையிலே பிறந்த முறை.

நம் இலங்கைக்கு இவ்வரலாற்றிலே தனியிடம் உண்டு. சுந்தராம்பாள் இளமையிலேயே இங்கு வந்து நாடகங்களில் நடித்தவர். இசையுலகை ஆட்கொண்டிருந்த செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவும் அவரும் இணைந்து நடிக்கத் தொடங்கியது 1926ஆம் ஆண்டளவில் கொழும்பு மேடையிலேதான். இரண்டு பெருங்குரல்களும் ஒன்றையொன்று துரத்திப் பிடிக்கும் அந்த வாதப் பாட்டுகளுக்கு இரு நாடுகளிலும் மக்கள் திரண்டனர். இருவரும் வாழ்க்கையிலும் இணைந்தனர். ஆயினும் 1933 டிசம்பரில் இருபத்தேழு வயதிலேயே கிட்டப்பா காலமானார். இருபத்தைந்தே வயதான சுந்தராம்பாள் அன்று முதல் வெள்ளைக் கதராடை உடுத்தி, எந்த ஆடவரோடும் இணையாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார்.

இந்த உறுதியே அவர் கலைக்கு ஒரு புதிய வழியைத் திறந்தது. 1935இல் வெளிவந்த ‘நந்தனார்’ படத்தில் அவரே நந்தனாராக ஆண் வேடம் தாங்கினார். வேதியராக நடித்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். அதன்பின் மணிமேகலை, ஔவையார், கவுந்தியடிகள், காரைக்காலம்மையார் என்று அவர் ஏற்ற வேடங்களை வரிசைப்படுத்திப் பாருங்கள். யாவரும் இல்லறத்தையோ இளமையையோ துறந்து, தெய்வத்தோடும் அரசரோடும் நேருக்கு நேர் பேசிய பெண்டிர். காதலன் இல்லாத கதாநாயகியாக ஒரு பெண் தமிழ்த் திரையில் நெடுங்காலம் நிலைத்து நின்றது அந்தக் குரலின் வலிமையினால் அல்லவா?

குரலின் இலக்கணம்

இனி அக்குரலின் தொழிலைச் சற்று நுணுகிக் காண்போம்.

முதலாவது, சொல். அவர் பாடும்போது ழகரமும் றகரமும் தனித்தனியே நம் செவியில் வந்து விழும். வேகமான பிருகாக்களைப் பொழிந்துவிட்டு, பாட்டின் உயிரான சொல் வரும் இடத்திலே திடீரென எல்லா அலங்காரங்களையும் களைந்து, அச்சொல்லை வெறுமையாக நிறுத்துவார். சங்கதிகள் சொல்லுக்குப் பணி செய்யும், சொல்லை மூடிவிடா.

இரண்டாவது, விருத்தம். தாளத்தின் கட்டு இல்லாமல் இராகத்தை மட்டும் துணையாகக் கொண்டு செய்யுளைப் பாடும் அம்முறையில், எங்கே நிற்பது, எங்கே தொடர்வது என்பதெல்லாம் பாடுபவரின் அறிவுக்கே விடப்பட்டிருக்கிறது. சுந்தராம்பாள் ஓரடியை மேற்ஸ்தாயியில் நிறுத்தி, மூச்சு முடியும் எல்லைவரை கொண்டுசென்று, கேட்பவர் ‘இனி இறங்கிவிடுவார்’ என்று எண்ணும் வேளையில் இன்னும் ஒரு படி ஏறுவார். அந்த ஏற்றத்திலே வேண்டுதல் இருக்கிறது. தெய்வம் கேட்கும் வரை விடமாட்டேன் என்ற பிடிவாதமும் இருக்கிறது.

மூன்றாவது, பேச்சுக்கும் பாட்டுக்கும் இடையிலுள்ள எல்லையை அழித்தல். ஏ. பி. நாகராஜன் 1965இல் எடுத்த ‘திருவிளையாடல்’ படத்திலே, கோபித்துக்கொண்டு மலையேறிய பாலமுருகனை ஔவையார் சமாதானம் செய்யும் கட்டத்தை நினைவு கொள்க. கெஞ்சுகிறார், கடிகிறார், சிரிக்கிறார், புகழ்கிறார். வசனம் எங்கே முடிந்தது, பாட்டு எங்கே தொடங்கிற்று என்று கோடு கிழித்துக் காட்ட இயலாது. அப்போது அவருக்கு வயது ஐம்பத்தாறு. ஒரு பாட்டி பேரனோடு பேசும் உரிமையோடு தெய்வத்தோடு பேசுகிறார். நாடக மேடையில் பயின்ற தொழில் அந்த உரிமைக்குள் மறைந்து கிடக்கிறது. ‘துணைவன்’ படத்திற் பாடியமைக்காக 1969ஆம் ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகி என்ற இந்திய தேசிய விருது அவரைச் சேர்ந்தது. 1970இல் பத்மஸ்ரீ விருதும் கிடைத்தது. 1980இல் அவர் மறைந்தார்.

கடலுக்கு அப்பால் ஒரு சகோதரி

உலகின் மறுகோடியிலே இதே தீர்ப்பைக் கேட்ட மற்றொரு பெண்மணி இருந்தார். அமெரிக்கக் கறுப்பின மக்களின் ‘கொஸ்பல்’ என்னும் பக்தியிசைக்கு அரசியாக விளங்கிய மஹாலியா ஜாக்சனைச் சொல்கிறேன். 1911இல் நியூ ஒர்லியன்ஸ் நகரிற் பிறந்தவர். சிறு வயதிலேயே தாயை இழந்தவர். பதினாறாம் வயதளவில் சிக்காகோ சென்று, சலவை வேலையும் வீட்டு வேலையும் செய்து வயிறு வளர்த்தவர். 1932இல் ஓர் இசையாசிரியரிடம் பாடம் கேட்கச் சென்றபோது, அவர் இப்பெண்ணின் பாட்டைக் கூச்சல் என்று பழித்து, அது தம் இனத்துக்குப் பெருமை தருவதன்று என்றும் சொல்லிவிட்டார். தம் மக்கள் வெள்ளையர் முன்னே நாகரிகமாகத் தோன்ற வேண்டுமே என்ற கவலை அந்த ஆசிரியருக்கு. மஹாலியா மீண்டும் அந்தப் பாடத்துக்குப் போகவில்லை. 1947இல் வெளிவந்த அவருடைய இசைத்தட்டு ஒன்று பத்து இலட்சத்துக்கு மேல் விற்றது; 1950இல் நியூயோர்க்கின் புகழ்பெற்ற கார்னகி மண்டபம் அவரை வரவேற்றது.

அவருடைய கலையும் மேற்கூறிய இலக்கணத்துக்கு அயலானதன்று. தாளத்தை விட்டு நீங்கி, ஒரு சொல்லை நீட்டி, முனகி, வளைத்து, பின் முழுக்குரலில் வெடித்தெழுவார். நெடுங்காலம் அவரோடு பியானோ வாசித்த மில்ட்ரெட் ஃபால்ஸ், பாடகியின் மூச்சை அறிந்து காத்திருப்பார். நம் மேடை ஆர்மோனியக்காரரின் வேலை அது. அம்மக்களின் பழைய தேவாலயங்களில் நூல் வாங்கவும் வாசிக்கவும் இயலாதோர் பலர் இருந்தமையால், தலைவர் ஓரடியை எடுத்துக் கொடுக்க, சபையார் அதனை வாங்கி நீட்டிப் பாடுவது வழக்கம். அந்தக் கூட்டுக் குரலே மஹாலியாவின் தனிக்குரலுக்கு அடியில் ஓடும் ஆறு.

மற்றோர் ஒற்றுமையும் உண்டு. பக்திப் பாட்டைத் தவிர வேறு பாடுவதில்லை என்று மஹாலியா உறுதி கொண்டிருந்தார். களியாட்ட விடுதிகள் அழைத்தும் அவர் இசையவில்லை. ஆனால் பக்தி அவரை உலகிலிருந்து பிரிக்கவில்லை. 1963 ஆகஸ்ட் 28ஆம் நாள் வாஷிங்டனில், மார்ட்டின் லூதர் கிங் பேசுவதற்கு முன்னே, இலட்சக்கணக்கானோர் நடுவில் நின்று பாடினார். சுந்தராம்பாளும் சத்தியமூர்த்தியின் தூண்டுதலால் காங்கிரஸ் மேடைகளிலே நாட்டு விடுதலைக்காகப் பாடினார். 1951இல் சென்னைச் சட்ட மேலவையிலும் இடம்பெற்றார். தெய்வத்தை உரத்துக் கூப்பிடப் பழகிய குரல், அநீதியின் முன்னே தாழ்ந்து பேச அறியாது போலும்!

மாத்தளையின் செவிக்கு

அமெரிக்க அடிமை முறையும் நம் தோட்டத்துக் கூலி முறையும் ஒன்றல்ல. இரண்டையும் ஒன்றெனச் சொல்லுதல் வரலாற்றுக்குச் செய்யும் பிழை. ஆயினும் பாட்டுப் பிறந்த சூழலில் உறவு இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டிலே மன்னார்க் கரையில் இறங்கிய தமிழகத்து மக்கள், காட்டு வழியே கால்நடையாகத் தம்புள்ளையைக் கடந்து, மலைநாட்டின் வாயிலாகிய மாத்தளையை வந்தடைந்தனர். நோயாலும் பசியாலும் வழியிலே மாண்டோர் பலர். உயிரோடு வந்தவர்கள் வணங்கியது மழைக்கும் நோய்க்கும் தெய்வமான மாரியம்மனை. இன்று மாத்தளை முத்துமாரியம்மன் கோயிலின் மாசிமகப் பஞ்சரத பவனிக்கு இரத்தோட்டை, உக்குவளை, எல்கடுவை, கம்மடுவைப் பக்கங்களிலிருந்து திரளும் மக்களுட் பலர் அந்த நடைப்பயணிகளின் வழிவந்தோரே.

அவர்கள் பாட்டைக் கேளுங்கள். பூசாரி உடுக்கையை அடித்து ஓரடி எடுப்பார். கூட்டம் அதனை வாங்கும். தப்பின் ஒலி மலைச்சரிவில் மோதித் திரும்பும். ஏட்டை அறியாத கிழவி நூற்றுக்கணக்கான அடிகளை நினைவிலிருந்து பாடுவாள். அம்மனைத் தாயென்பாள், மகளென்பாள், மறுகணமே ‘உனக்குக் கண்ணில்லையா’ என்னும் தோரணையில் வழக்காடுவாள். காமன் எரிந்தபின் இரதி புலம்பும் கட்டத்திலோ, வேடம் தாங்கிய ஆடவனின் குரலிலே அவன் வீட்டுப் பெண்களின் ஒப்பாரியெல்லாம் வந்து சேரும். சொல்லை வெறுமையாக நிறுத்துதல், மூச்சின் எல்லைக்குச் செல்லுதல், பேச்சையும் பாட்டையும் கலத்தல் ஆகிய மூன்றும் இங்கே இருக்கின்றன. கொடுமுடியாரைக் கொண்டாடும் நாம், அவர் கலையின் ஊற்றையே நம் தோட்டங்களிற் கத்தல் என்று ஒதுக்குகிறோம்.

மஹாலியாவின் இசையாசிரியருக்கு இருந்த கவலை நம் ஆசிரியர்களுக்கும் இருக்கிறது என்பதை நான் மறுக்கவில்லை. பிள்ளைகள் ‘தோட்டத்தார்’ என்று இகழப்படாமல் முன்னேற வேண்டும் என்ற நல்லெண்ணமே அது. நானும் ஆசிரியத் தொழிலில் இருந்தவன், அக்கவலையை அறிவேன். ஆனால் குரலைத் தாழ்த்தியா கௌரவம் பெறுவது? கோ. நடேசய்யரின் துணைவியார் மீனாட்சி அம்மையார், தொழிலாளர் துயரத்தைப் பாட்டாக்கித் தோட்டத்துக் கூட்டங்களிலே பாடியபோது, மக்கள் அறிந்த மெட்டுகளும் மக்கள் குரலுமே அவருக்குக் கருவியாயின. சி. வி. வேலுப்பிள்ளை ‘மலைநாட்டு மக்கள் பாடல்கள்’ என்ற தொகுதியை 1983இல் நமக்குத் தந்து சென்றார். பாட்டின் சொற்களை ஏடு காக்கும். குரலின் ஏற்றத்தையும் இழுப்பையும் ஏடு காக்குமா? அவற்றைக் காக்கும் இடம் மற்றொருவருடைய தொண்டை ஒன்றே.

இன்று கோயில்களிலே ஒலிபெருக்கி இருக்கிறது. சுந்தராம்பாளின் பதிவுகளும் அதில் ஒலிக்கின்றன. கேட்க இன்பமே. எனினும் அந்தப் பதிவு முழங்கும் நேரத்திலே, தூணருகில் அமர்ந்த கிழவி வாய்மூடியிருக்கிறாள். தரையில் இருந்தவனுக்கும் பாட்டுச் சேரட்டும் என்று உயர்ந்த குரல், தரையில் இருப்பவளின் பாட்டை அமிழ்த்துவது அக்குரலுக்கு நாம் செய்யும் மரியாதையாகாது.

ஆசிரிய நண்பர்களுக்கு என் வேண்டுகோள் எளியது. தமிழ்த்தின விழாவுக்கு மாணவரைப் பயிற்றும்போது, ஒரு பாட்டையேனும் ஒலிபெருக்கியின்றி, முழுக்குரலிற் பாடச் செய்யுங்கள். தாலாட்டும் ஒப்பாரியும் அறிந்த மூதாட்டி ஒருவரை வகுப்பறைக்கு அழைத்து, நாற்காலியிட்டு அமர்த்தி, அவர் எடுத்துக் கொடுக்கும் அடியைப் பிள்ளைகள் வாங்கிப் பாடட்டும். பாடியவர் பெயரையும் ஊரையும் பாட்டோடு சேர்த்து எழுதி வையுங்கள். பாடத் திட்டம் மாறும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. மூதாட்டிகளுக்குக் காத்திருக்கக் காலமும் இல்லை.